கோஷியென்: சொந்தக்காரர் ஆகஸ்டில் காலிசெய்யும் மைதானம்

ஜப்பானில் ஹன்ஷின் டைகர்ஸ் என்றொரு தொழில்முறை பேஸ்பால் அணி இருக்கிறது. அதன் சொந்த மைதானத்தின் பெயர் கோஷியென். ஒவ்வோர் ஆண்டும் ஆகஸ்ட் பிறந்தால் இந்த அணி மூட்டை முடிச்சைக் கட்டிக்கொண்டு தன் மைதானத்தை விட்டுக் கிளம்பிவிடும். மராமத்து வேலை ஏதும் இல்லை, வாடகைத் தகராறும் இல்லை. பள்ளிக்கூடப் பையன்கள் விளையாட வருகிறார்கள், அவ்வளவுதான். லீக் பட்டியலில் யார் முந்துவது என்று சூடு பறக்கும் நேரத்தில், பெரிய சம்பளக்காரர்கள் ஊர் ஊராக அலைவார்கள். பதினாறு பதினேழு வயதுப் பிள்ளைகள் அவர்களுடைய மைதானத்தில் ஆடுவார்கள். ரசிகர்கள் இந்தச் சில வாரங்களுக்கு வைத்த பெயர் 'மரணப் பயணம்'. இப்போது பக்கத்திலேயே ஒசாகாவில் கூரை போட்ட மைதானம் ஒன்றில் சில ஆட்டங்களைச் 'சொந்த ஊர்' கணக்கில் நடத்திக்கொள்வதால் பாடு கொஞ்சம் குறைந்திருக்கிறது. பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டுவிட்டது.

சொந்த வீட்டுக்காரரே ஆண்டுதோறும் வீட்டைக் காலிசெய்துகொடுக்கும் இந்த வழக்கம் எங்கிருந்து வந்தது? அதைச் சொன்னால் கோஷியெனின் கதை முழுக்கச் சொன்ன மாதிரிதான். அதற்கு முன்னால் பேஸ்பாலைப் பற்றி நாலு வரி. தெரிந்தவர்கள் தாண்டிப் போகலாம்.

கிரிக்கெட் தெரிந்தவருக்குப் பேஸ்பால் கஷ்டமில்லை. ஒரு பக்கத்துக்கு 9 பேர், மொத்தம் 9 இன்னிங்ஸ். பந்து தரையில் குத்தாமல் நேராக வரும். எறிபவர் பிட்சர், அடிப்பவர் பேட்டர். மூன்று முறை தவறவிட்டால் அவுட். மூன்று பேர் அவுட்டானால் அந்தப் பக்கத்தின் முறை முடிந்தது, அடுத்த அணி மட்டை பிடிக்கும். பேட்டரைச் சுற்றி எல்லாப் பக்கமும் அடிக்க முடியாது. முன்னால் விசிறி போல விரியும் பகுதிக்குள்தான் பந்து போக வேண்டும். லேட் கட், கிளான்ஸ் எல்லாம் இங்கே செல்லாது. அடித்தவர் நான்கு மூலைகளில் இருக்கும் பேஸ்களையும் வரிசையாகத் தொட்டுப் புறப்பட்ட இடத்துக்கே வந்தால் ஒரு ரன். வேலியைத் தாண்டி அடித்தால் ஹோம் ரன். நம் சிக்ஸர் மாதிரி, ஆனால் அரிதாகக் கிடைப்பது. பேஸ்கள் இருக்கும் முன்பகுதியை உள்களம் என்றும், அதற்கு அப்பால் வேலி வரை உள்ளதை வெளிக்களம் என்றும் சொல்லலாம். கோஷியெனில் உள்களம் முழுக்க வெறும் மண், வெளிக்களம் இயற்கைப் புல். இந்த மண்ணை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

சரி, இடம் எங்கே? ஒசாகாவுக்கும் கோபேக்கும் நடுவே ஹியோகோ மாகாணத்தில் நிஷினோமியா என்ற நகரம். ஒசாகாவில் ஏறினால் விரைவு ரயிலில் கால் மணி நேரம். ஒசாகா என்று எழுதும்போது வரும் ஓர் எழுத்தையும் கோபேயின் ஓர் எழுத்தையும் சேர்த்துப் படித்தால் 'ஹன்ஷின்'. அந்த இரண்டு ஊர்களுக்கும் இடையே 1905இல் மின்சார ரயில் விட்ட கம்பெனியின் பெயர் அது. கோஷியெனைக் கட்டியதும் அந்தக் கம்பெனிதான். டைகர்ஸ் அணியைத் தொடங்கியதும் அதுதான்.

ரயில் கம்பெனிக்கு மைதானம் எதற்கு என்று கேட்கலாம். அந்தக் காலத்து ஜப்பானிய ரயில் முதலாளிகளின் கணக்கு ரொம்ப நேரானது. வார நாட்களில் வேலைக்குப் போகிறவர்கள் டிக்கெட் வாங்குவார்கள், ஞாயிற்றுக்கிழமை ரயில் காலியாக ஓடும். ஆகவே தண்டவாளத்தின் ஓரத்தில் ஜனங்கள் குடும்பத்தோடு வந்துபோக ஏதாவது ஒன்று வேண்டும்: கடற்கரைக் குளியல், வெந்நீர் ஊற்று, பொருட்காட்சி, நாடகம். இந்தக் கலையில் கைதேர்ந்தது ஹன்ஷினின் பரம எதிரியான ஹான்க்யூ. ஹான்க்யூ அப்போது வேறு பெயரில் நடந்துகொண்டிருந்த சின்னக் கம்பெனி. அதன் பாதையில் தொயோனகா என்ற ஊரில் ஒரு மைதானம் போட்டிருந்தார்கள். 1915 ஆகஸ்டில் ஆசாஹி பத்திரிகை நாடு தழுவிய பள்ளி பேஸ்பால் போட்டியை முதன்முதலாக அங்கேதான் நடத்தியது. தகுதி ஆட்டங்களில் 73 பள்ளிகள். அவற்றில் தேறி வந்தவை 10.

கூட்டம் எதிர்பார்த்ததைவிட அதிகம். அந்தச் சின்னக் கம்பெனியின் ரயில்களால் அவ்வளவு பேரை ஏற்றி இறக்க முடியவில்லை. இதைப் பார்த்துக்கொண்டிருந்த ஹன்ஷின், 'எங்கள் பக்கம் வாருங்கள், எத்தனை பேர் வந்தாலும் ஏற்றிச் செல்கிறோம்' என்று வலை வீசியது. 1917இல் போட்டி ஹன்ஷின் பாதையில் இருந்த நருவோ என்ற இடத்துக்கு மாறியது. நருவோவில் இருந்தது ஒரு குதிரைப் பந்தயத் திடல். அதன் உள்வட்டத்துக்குள் இரண்டு பேஸ்பால் களங்களை அமைத்தார்கள். அதுவும் ஆறேழு ஆண்டுகள்தான் தாங்கியது. 1923இல் ரசிகர்கள் களத்துக்குள்ளேயே வழிந்து வந்து ஆட்டம் நின்றுபோன பிறகு, இனிமேல் நிஜமான ஸ்டேடியம் ஒன்று கட்டாமல் முடியாது என்று ஆகிவிட்டது.

நிலம் தயாராகக் காத்திருந்தது. அந்தப் பகுதியில் ஓடும் முக்கோ ஆறு அடிக்கடி வெள்ளம் வந்து ஊரை அழிக்கும். கரையைப் பலப்படுத்த மாகாண அரசு போட்ட திட்டத்தில், அதிலிருந்து பிரிந்து ஓடிய எதாகவா, சருகவா என்ற இரண்டு கிளைகளை மூடிவிடுவது என்று முடிவானது. மூடினால் பழைய ஆற்றுப்படுகை மிச்சமாகும். அதை விற்றால் கரை வேலைக்குக் காசு கிடைக்கும். வாங்க முன்வந்தது ஹன்ஷின். இரண்டு கிளைகளும் பிரிந்த அந்த முக்கில்தான் ஸ்டேடியம் எழுந்தது. இன்றைக்குக் கோஷியென் வாசலில் நிற்பவர், நூறாண்டுகளுக்கு முன்னால் தண்ணீர் ஓடிய தடத்தில் நிற்கிறார்.

1924 மார்ச்சில் வேலை தொடங்கி ஜூலை முடிவதற்குள் முடித்துவிட்டார்கள். நாலரை மாதம்! ஆகஸ்ட் போட்டிக்கு நேரமாகிக்கொண்டிருந்தது, வேறு வழியில்லை. நியூயார்க்கில் இருந்த போலோ கிரவுண்ட்ஸ் மைதானம் முன்மாதிரி. ஆகஸ்ட் 1ஆம் தேதி திறப்பு விழா. முதலில் ஓடிக் களித்தவர்கள் பேஸ்பால் ஆட்டக்காரர்கள் இல்லை, சுற்றுவட்டாரத்துத் தொடக்கப்பள்ளிப் பிள்ளைகள். அந்த மாதமே பள்ளி பேஸ்பால் போட்டி. இவ்வளவு பெரிய கேலரி எப்போது நிரம்பப் போகிறது என்று கம்பெனிக்காரர்களுக்கே வயிற்றைக் கலக்கியதாம். நான்காம் நாளே நிரம்பிவிட்டது.

பெயர்க் கதையும் அழகானது. நம் பிரபவ, விபவ மாதிரியே கிழக்காசியாவிலும் அறுபது ஆண்டுச் சுற்று உண்டு. அங்கே பத்து எழுத்துகள் கொண்ட ஒரு வரிசையும் பன்னிரண்டு எழுத்துகள் கொண்ட ஒரு வரிசையும் உண்டு. இரண்டிலிருந்தும் வரிசை மாறாமல் ஒவ்வொன்றாக எடுத்து, தீர்ந்தால் மறுபடி முதலிலிருந்து தொடங்கி, ஜோடி சேர்த்துக்கொண்டே போனால் அறுபது பெயர்கள் கிடைக்கும். இரண்டு வரிசைகளின் முதல் எழுத்துகளும் ஜோடி சேரும் ஆண்டு சுற்றின் முதல் ஆண்டு, சுபமான ஆண்டு. 1924 அந்த ஆண்டு. அந்த ஜோடியைக் 'கோஷி' என்று படிக்கலாம். 'என்' என்றால் தோட்டம், பூங்கா. அதன் பிறகு அதே பெயர் கொண்ட ஆண்டு 1984இல் வந்தது. அடுத்தது 2044இல் வரும்.

டைகர்ஸ் இந்தக் கதைக்குள் இன்னும் வரவே இல்லை என்பதைக் கவனித்திருப்பீர்கள். அந்த அணி தொடங்கப்பட்டது 1935 டிசம்பரில். தொழில்முறை லீக் 1936இல்தான் ஆரம்பம். அதற்குள் கோஷியெனுக்கு வயது பதினொன்று தாண்டிவிட்டது. மைனிச்சி பத்திரிகை நடத்தும் வசந்தகாலப் பள்ளிப் போட்டியும் 1925இலேயே இங்கே வந்து குடியேறிவிட்டது. ஆக, வீடு கட்டியதே பையன்களுக்காக. டைகர்ஸ் பிற்பாடு பிறந்த பிள்ளை. ஆகஸ்டில் யார் வெளியே போக வேண்டும் என்பதில் ஜப்பானியர் யாருக்கும் குழப்பம் இல்லை.

ஸ்டேடியம் என்று இப்போது சொல்கிறோம். அன்று வைத்த பெயரின் பொருள் 'பெரிய விளையாட்டுத் திடல்'. ரக்பி, ஓட்டப்பந்தயம் எல்லாம் நடக்க வேண்டும் என்று களத்தைத் தாராளமாக விரித்துவிட்டார்கள். 1938இல் கேலரி மேல் சாரம் கட்டி, வெளியூரிலிருந்து பனியை ரயிலில் கொண்டுவந்து கொட்டி, பனிச்சறுக்குத் தாவல் போட்டியே நடத்தியிருக்கிறார்கள். கடற்கரையோர ஊரில் பனிச்சறுக்கு! ஞாயிற்றுக்கிழமை ரயிலை நிரப்ப அந்தக் கம்பெனி எதுவும் செய்யும் என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

தாராளமாக விரித்ததன் பலனைப் பேட்டர்கள் அனுபவித்தார்கள். வலது, இடது வெளிக்களங்களின் நடுப்பகுதி ரொம்ப ஆழம். ஹோம் ரன் அடிப்பது பெரும்பாடு. அமெரிக்க நட்சத்திரம் பேப் ரூத் 1934இல் தன் குழுவோடு வந்து இங்கே ஆடிவிட்டு, இது ரொம்பப் பெரிசு என்று சொன்னதாகச் சொல்வார்கள். போருக்குப் பின் ஆட்டத்தைச் சுவாரஸ்யமாக்க 1947இல் வெளிவேலிக்கு உள்ளே இன்னொரு வேலி போட்டார்கள். இரண்டுக்கும் இடைப்பட்ட இடத்துக்கு 'லக்கி ஸோன்' என்று பெயர். பழைய கணக்குப்படி கேட்ச் ஆகியிருக்க வேண்டிய பந்து அங்கே விழுந்தால் ஹோம் ரன், பேட்டருக்கு அதிர்ஷ்டம். 1991 முடிவில் அதை எடுத்துவிட்டார்கள். இப்போது இரு ஓரங்களில் 95 மீட்டர், நடுவில் 118 மீட்டர்.

அளவு ஒரு பக்கம் இருக்கட்டும், கோஷியெனில் ஆடுபவருக்கு நிஜமான எதிரி காற்று. மைதானத்துக்குத் தெற்கே கொஞ்ச தூரத்தில் கடல். பிற்பகலில் அங்கிருந்து கிளம்பும் 'ஹமகசே', அதாவது கடற்கரைக் காற்று, வலது வெளிக்களத்திலிருந்து இடது பக்கம் நோக்கி வீசும். இடக்கை பேட்டர் முழு பலத்தோடு வலப்பக்கம் தூக்கி அடிப்பார், பந்து வேலியை நோக்கிப் போய்க்கொண்டே இருக்கும், கூட்டம் எழுந்து நிற்கும், கடைசி நொடியில் யாரோ பின்னாலிருந்து சட்டையைப் பிடித்து இழுத்த மாதிரி பந்து தொங்கி வெளிக்கள ஆட்டக்காரரின் கையுறையில் வந்து விழும். டைகர்ஸின் இடக்கை பேட்டர்கள் தலைமுறை தலைமுறையாக இதை நொந்துகொண்டே ஆடுகிறார்கள்.

கேலரியின் ஒரு பகுதிக்குப் பெயர் 'ஆல்ப்ஸ்'. 1929இல் உள்களக் கேலரிக்கும் வெளிக்களக் கேலரிக்கும் நடுவே உயரமாகக் கட்டிய பகுதி அது. கோடையில் எல்லோரும் வெள்ளைச் சட்டை போட்டு அதில் நிரம்பி உட்கார்ந்திருந்ததைப் பார்த்த கார்ட்டூனிஸ்ட் ஒகமோத்தோ இப்பேய், பனி மூடிய ஆல்ப்ஸ் மலை மாதிரி இருக்கிறது என்று பத்திரிகையில் வரைந்தார். பெயர் நிலைத்துவிட்டது. 1936இல் வெளிக்களப் பக்கம் உயர்த்திக் கட்டியபோது அதை 'ஹிமாலயம்' என்று அழைத்துப் பார்த்தார்கள். அது அவ்வளவாக ஒட்டவில்லை. வைக்கிற பெயரும் விழுகிற பெயரும் ஒன்றாகுமா?

உள்களக் கேலரிக்கு மேலே இருக்கும் கூரைக்கு வேறு வரலாறு. முதலில் இருந்தது 'இரும்புக் குடை'. உலகப் போரில் உலோகத் தட்டுப்பாடு வந்தபோது, 1943இல் அதைக் கழற்றி அரசுக்குக் கொடுத்துவிட்டார்கள். பள்ளிப் போட்டி நின்றது. உள்களத்தில் கிழங்கு பயிரிட்டார்கள். இன்னொரு பக்கம் ராணுவ லாரிகள் நின்றன. 1945 ஆகஸ்ட் குண்டுவீச்சில் மைதானம் தீப்பிடித்தது. போர் முடிந்ததும் அமெரிக்கப் படை எடுத்துக்கொண்டதால், 1946இல் மீண்டும் தொடங்கிய பள்ளிப் போட்டி அதே நிஷினோமியா நகரிலேயே எதிரிக் கம்பெனி ஹான்க்யூவின் மைதானத்தில் நடக்க வேண்டியதாயிற்று. 1947இல் கோஷியெனுக்குத் திரும்பியது. 1951இல் கூரையும் திரும்பி வந்தது. இம்முறை லேசான அலுமினியக் கலவையில், 'வெள்ளிக் குடை' என்ற பெயரோடு. 1956இல் இரவு ஆட்டத்துக்கு விளக்குகள்.

ஹான்க்யூ மைதானம் என்ன ஆயிற்று என்று கேட்டால், அது 2002இல் மூடப்பட்டு இப்போது ஒரு பெரிய ஷாப்பிங் மால். ஹான்க்யூ தன் பேஸ்பால் அணியை 1988இலேயே விற்றுவிட்டது. ஒருகாலத்தில் தெற்கு ஒசாகா முதல் கியூஷூ வரை எத்தனையோ ரயில் கம்பெனிகள் அணி வைத்திருந்தன. இன்று மிஞ்சியிருப்பவை ஹன்ஷினும் தோக்கியோ பக்கத்து செய்புவும் மட்டும். இதில் வேடிக்கை, 2006இல் ஹன்ஷினும் ஹான்க்யூவும் ஒரே நிர்வாகத்தின் கீழ் இணைந்துவிட்டன. பாட்டன் காலத்துப் பங்காளிச் சண்டை கடைசியில் சம்பந்தமாக முடிந்த கதை.

டைகர்ஸ் ரசிகர்களைப் பற்றிச் சொல்லாமல் போனால் ஒசாகாக்காரர்கள் கோபித்துக்கொள்வார்கள். ஜப்பானில் 12 தொழில்முறை அணிகள், 2 லீக்குகள். பெரும்பாலும் அணியின் பெயரில் கம்பெனியின் பெயர் இருக்கும்: இறைச்சிக் கம்பெனி, தயிர்ப் பானக் கம்பெனி, செல்போன் கம்பெனி. தோக்கியோவின் யோமியுரி ஜயன்ட்ஸ் பத்திரிகைக்காரர்களின் அணி, நிறையக் கோப்பை வென்ற அணி, ஆகவே ஒசாகாக்காரர்களின் நிரந்தர எரிச்சல். டைகர்ஸ் நேர்மாறு. பெயரும் பழசு, ரசிகர் கூட்டமும் பெரிது, கோப்பைதான் வராது.

1985இல் வந்தது. அந்த ஏப்ரல் 17ஆம் தேதி ஜயன்ட்ஸுக்கு எதிராக இதே கோஷியெனில் டைகர்ஸின் பாஸ், காகெஃபு, ஒகாதா மூவரும் அடுத்தடுத்து மூன்று ஹோம் ரன்களை நடு வெளிக்களத் திரைப் பக்கமாக அடித்தார்கள். ஐம்பது வயது தாண்டிய ரசிகர் யாரிடம் கேட்டாலும் இன்றும் கண்ணில் நீர் வரச் சொல்வார். அக்டோபரில் லீக் பட்டம் உறுதியான இரவு, ஒசாகாவின் தோத்தொம்போரி பாலத்தில் கூடிய கூட்டம், ஒவ்வோர் ஆட்டக்காரரின் பெயரையும் கூவி, அவரைப் போல முகஜாடை உள்ள ஆளைக் கால்வாயில் குதிக்கவைத்தது. அமெரிக்கரான பாஸைப் போல யாரும் இல்லை. பக்கத்துக் கேஎஃப்சி கடை வாசலில் தாடியோடு கர்னல் சாண்டர்ஸ் பொம்மை நின்றுகொண்டிருந்தது. தூக்கிக் கால்வாயில் போட்டுவிட்டார்கள்.

அந்த ஆண்டு ஜப்பான் சீரிஸ் என்ற இறுதிக் கோப்பையையும் டைகர்ஸ் முதன்முறையாக வென்றது. அப்புறம் வறட்சி. தோற்கத் தோற்க, எல்லாம் கர்னலின் சாபம் என்று பேச்சு கிளம்பியது. 2009 மார்ச்சில் கால்வாய்க் கரை வேலையின்போது பொம்மை சேற்றிலிருந்து கிடைத்தது. சாபம் தீர்ந்தது என்றார்கள்; தீரவில்லை. 2023இல்தான் இரண்டாவது கோப்பை, 38 ஆண்டுகள் கழித்து. 1985இல் அந்த மூன்றாவது ஹோம் ரன்னை அடித்த ஒகாதாதான் அப்போது மேலாளர். 'சாம்பியன்' என்ற சொல்லை வாயில் எடுத்தால் பையன்கள் பதறிவிடுவார்கள் என்று, ஆண்டு முழுக்க அதை 'அரே' என்றே சொன்னார், தமிழில் 'அது'. 'அதைப் பிடிக்கணும்', 'அது கிட்டே வந்துட்டோம்', இப்படி. அந்த ஆண்டின் புதுச்சொல் விருதே 'அது'வுக்குக் கிடைத்தது. நல்ல காரியம் முடியும்வரை வெளியே சொல்லாதே என்கிற நம் வீட்டுப் பெரியவர்களுக்கு ஒகாதாவை உடனே பிடித்துவிடும்.

சரி, ஆகஸ்டுக்குத் திரும்புவோம்.

நாடு முழுவதும் மூவாயிரத்துக்கும் மேற்பட்ட உயர்நிலைப் பள்ளி அணிகள் கோடைத் தொடக்கத்தில் மாகாண அளவில் மோதும். 47 மாகாணங்கள்; தோக்கியோவுக்கும் ஹொக்கைடோவுக்கும் இரண்டிரண்டு இடம்; ஆக 49 பள்ளிகள் கோஷியெனுக்கு வரும். ஒரே ஒரு முறை தோற்றாலும் கதை முடிந்தது, ஊருக்குப் போக வேண்டியதுதான். கடைசி ஆண்டு மாணவர்களுக்கு அதோடு பள்ளி பேஸ்பாலே முடிந்தது. கொஞ்சம் யோசித்தால், கடைசியில் தோற்காமல் கோடையை முடிப்பது நாட்டிலேயே ஒரே ஒரு பள்ளி. மற்ற அத்தனை பேரின் கோடையும் ஒரு தோல்வியில்தான் முடிகிறது.

ஆட்டம் தொடங்கும்போது சைரன் ஊதும். நீண்டு இழுக்கும் சங்கு. அது ஓய்வதற்குள் முதல் பந்து போய்விடும். முடிந்ததும் மறுபடி ஊதும். வென்ற பள்ளி வரிசையில் நின்று தன் பள்ளிப் பாட்டைப் பாடும். தோற்றவர்கள் எதிரே நின்று கேட்பார்கள். 2024 இறுதியாட்டத்தில் கியோத்தோ இன்டர்நேஷனல் பள்ளி வென்றபோது மைதானத்தில் ஒலித்தது கொரிய மொழிப் பாட்டு. ஜப்பான்வாழ் கொரியர்கள் தொடங்கிய பள்ளி அது. ஆகஸ்ட் 15 நண்பகலில் போர் முடிந்த நாளை நினைத்து, நடக்கிற ஆட்டத்தை நிறுத்தி, சைரன் ஊத, எல்லோரும் தொப்பியைக் கழற்றித் தலைகுனிந்து நிற்பார்கள். தொடக்க விழா அணிவகுப்பில் பள்ளிப் பெயர்ப் பலகைகளைத் தூக்கி முன்னால் நடப்பவர்கள் நிஷினோமியா நகராட்சிப் பள்ளி மாணவிகள். 1949 முதல் அவர்களுக்கு அந்த உரிமை. பெண்கள் உயர்நிலைப் பள்ளிக் கோடைப் போட்டியின் இறுதி ஆட்டம் முதன்முதலாக இந்த மண்ணில் நடந்தது 2021இல். தாமதம்தான்.

வெயிலைப் பற்றி அங்கே இருப்பவர்கள் ரொம்பக் கவலைப்படுகிறார்கள், நியாயமாகவே. ரசிகர்களுக்குக் 'கச்சிவாரி' இருக்கிறது: உடைத்த ஐஸ்கட்டிகளைப் போட்டு உறிஞ்சுகுழலோடு விற்கும் பிளாஸ்டிக் பை, 1957 முதல் விற்கிறார்கள். முதலில் பிடரியில் வைத்துக்கொள்வார்கள், தலையில் வைத்துக்கொள்வார்கள், உருகியதும் குழல் போட்டு அந்தத் தண்ணீரையே குடிப்பார்கள். களத்தில் இருப்பவர்களுக்கு அந்த வசதி இல்லை. 1998இல் யோகொஹாமா பள்ளியின் மத்சுசாகா 17 இன்னிங்ஸ் நின்று 250 பந்துகள் எறிந்ததை வீரகாவியமாகச் சொல்வார்கள். எனக்கு அதைக் கேட்கும்போதெல்லாம் அந்தப் பையனின் தோள்பட்டைதான் நினைவுக்கு வரும். இப்போது ஒரு வாரத்தில் ஒருவர் 500 பந்துகளுக்கு மேல் எறியக் கூடாது. 2023இல் ஐந்தாம் இன்னிங்ஸுக்குப் பின் 10 நிமிடம் குளிரூட்டிய இடத்தில் ஓய்வு என்று கொண்டுவந்தார்கள். 2024இல் சில நாட்கள் உச்சி வெயிலை விட்டுக் காலையிலும் மாலையிலும் மட்டும் ஆட்டம் வைத்துப் பார்த்தார்கள். பழம்பெருமை பேசுகிறவர்கள் முணுமுணுத்தார்கள். முணுமுணுக்கட்டும்.

இத்தனையும் சேர்ந்து, 'கோஷியென்' ஒரு பொதுச்சொல்லாகவே மாறிவிட்டது. பள்ளி மாணவர்களுக்கான ஹைக்கூக் கவிதைப் போட்டிக்கு 'ஹைக்கூ கோஷியென்' என்று பெயர். காமிக்ஸ் வரையும் போட்டி 'மங்கா கோஷியென்'. பதின்வயதில் ஒரு விஷயத்தில் உயிரைக் கொடுத்து முட்டிமோதிப் போய்ச் சேரும் உச்சி எதுவோ, அதற்கெல்லாம் அந்தப் பெயர்.

மைதானத்தின் வெளிச்சுவரைப் பற்றியும் கொஞ்சம். அவசரத்தில் கட்டிய கான்கிரீட் மொட்டையாக நின்றதால், 1924 குளிர்காலத்தில் சுவரோரம் படர்கொடி நட்டார்கள். அது எண்பது ஆண்டுகளில் கட்டடத்தையே மூடி, கோஷியென் என்றால் பச்சைச் சுவர் என்று ஆனது. பெரிய மராமத்துக்காக 2006இல் கொடியை வெட்ட வேண்டிவந்தது. நல்லவேளை, 2000ஆம் ஆண்டிலேயே அந்தக் கொடியின் விதையிலிருந்து வளர்த்த கன்றுகளை நாடெங்கும் நாலாயிரத்துக்கும் அதிகமான பள்ளிகளுக்குக் கொடுத்திருந்தார்கள். அவற்றில் நன்றாக வளர்ந்தவற்றைப் பள்ளிகள் திருப்பி அனுப்பின. மராமத்தைக் குளிர்கால ஓய்வுகளில் மட்டும் செய்து 2010இல் முடித்தார்கள், ஒரு பருவ ஆட்டம்கூடத் தவறாமல். இப்போது இருக்கைகள் ஏறத்தாழ 47 ஆயிரம். சுவரில் மறுபடி ஏறிக்கொண்டிருக்கும் பச்சை, பிள்ளைகளின் பள்ளிக்கூடங்களிலிருந்து வந்தது.

கடைசியாக, மண். கறுப்பு மண்ணோடு வெள்ளை மணலைக் கலந்து செய்வது. கறுப்பு மண் ககோஷிமா போன்ற தூரத்து மாகாணங்களிலிருந்தெல்லாம் வருகிறது. வசந்தத்தில் மழை அதிகம், ஆகவே நீர் வடிய மணலைக் கூட்டுவார்கள். கோடையில் வெயில் கண்ணைக் கூசவைக்கும், அப்போது வெள்ளைப் பந்து தெளிவாகத் தெரியக் கறுப்பு மண்ணைக் கூட்டுவார்கள். இதைப் பராமரிப்பது ஹன்ஷின் எங்கெய் என்ற நிறுவனத்தின் ஆட்கள். பெருமழை கொட்டிக் குளமாகிக் கிடக்கும் உள்களத்தை அவர்கள் மண் தூவி, பஞ்சால் ஒற்றி, கிளறி, இழுத்துச் சமன்செய்து ஆட்டத்துக்குத் தயாராக்குவதைப் பார்க்கவே ரசிகர்கள் உண்டு. 'தெய்வக் கை' என்பார்கள். ஆண்டு தொடங்கும்போது களத்தை ஓர் அடி ஆழத்துக்குக் கிட்டத்தட்டக் கொத்திக் கிளறி, மழைக்காகக் காத்திருந்து, பிறகு உருளை ஓட்டி இறுக்குவார்கள். நம் ஊரில் உழவர் மழை பார்த்து நிற்கிற மாதிரிதான்.

தோற்ற பள்ளியின் பிள்ளைகள் கிளம்புவதற்கு முன் மண்டியிட்டு இந்த மண்ணைக் கைகளால் அள்ளிப் பையில் போட்டுக்கொள்வார்கள். கேமராக்கள் மொய்க்கும். யார் தொடங்கிவைத்தது என்பதற்குப் பல கதைகள். 1937 இறுதியாட்டத்தில் தோற்ற கவகாமி, பிற்காலத்தில் ஜயன்ட்ஸின் பெரிய நட்சத்திரமானவர், சட்டைப்பையில் மண்ணை எடுத்துப் போய்த் தன் பள்ளி மைதானத்தில் தூவினார் என்பது ஒன்று.

1958இல் ஒகினாவாத் தீவிலிருந்து ஷூரி என்ற பள்ளி வந்தது. கோஷியெனில் ஒகினாவா அணி ஆடுவது அதுவே முதல் முறை. ஒகினாவா அப்போது அமெரிக்க ஆட்சியில் இருந்தது. ஜப்பானுக்கு வரவே கடவுச்சீட்டு மாதிரி ஆவணம் வேண்டும். முதல் ஆட்டத்திலேயே 0-3 என்று தோற்றார்கள். எல்லோரையும் போல மண்ணை அள்ளிக்கொண்டு கப்பல் ஏறினார்கள். நாஹா துறைமுகத்தில் இறங்கும்போது தாவர நோய்த் தடுப்புச் சட்டம் குறுக்கே நின்றது: அது வெளிநாட்டு மண், உள்ளே விட முடியாது. அதிகாரிகள் பிள்ளைகளின் மண்ணை வாங்கிக் கடலில் கொட்டிவிட்டார்கள்.

செய்தியைப் படித்த ஜப்பான் ஏர்லைன்ஸ் விமானப் பணிப்பெண்கள் ஒரு வழி யோசித்தார்கள். சட்டம் தடுப்பது மண்ணை, கல்லை இல்லை. கோஷியெனில் கூழாங்கற்களைப் பொறுக்கிப் பெட்டியில் வைத்து ஷூரி பள்ளிக்கு அனுப்பினார்கள். சுங்கத்தில் யாரும் தடுக்கவில்லை. அந்தக் கற்களைப் பள்ளி வளாகத்தில் ஒரு நினைவுச்சின்னத்தில் பதித்துவைத்திருக்கிறார்கள்.